போனிக்கு முன்னால் வந்த கூட்டம்

திண்டுக்கல் கடைவீதியில் பின்பக்கமாக நடக்கத் தெரிந்த ஒரே ஆள் டெய்சிதான். கூட்டி வந்தவர்களின் முகத்தைப் பார்த்துப் பேசிக்கொண்டே முதுகை முன்னால் விட்டு நடப்பாள். சைக்கிள் வருகிறதா, மாடு வருகிறதா, வாழைத்தார் ஏற்றிய வண்டி வருகிறதா என்று ஒருநாளும் திரும்பிப் பார்த்ததில்லை. வருகிறவன் ஒதுங்கிப் போகட்டும் என்பது அவள் கட்சி. ஒதுங்கித்தான் போனார்கள். மணிக்கூண்டிலிருந்து மார்க்கெட் வரைக்கும் அவளைத் தெரியாத கடைக்காரர் கிடையாது.

அந்த வீதியில் ஒரு ஜவுளிக்கடையில் பதினாறு வருஷம் சேலை விரித்தவள் அவள். சேலை விரிப்பதை லேசாக நினைத்துவிட வேண்டாம். படியேறி வருகிற பெண்ணின் வாய் "பச்சைல காட்டுங்க" என்று சொல்லும். கண் மூன்றாவது தட்டில் இருக்கும் மெரூன் மேல் இருக்கும். டெய்சி பச்சையை விரித்துக்கொண்டே மெரூனை இழுத்து மடியில் போட்டுவிடுவாள். அதற்கப்புறம் பேச்சுக்கே இடமிருக்காது.

முதலாளிக்கு வயதாகி, பிள்ளைகள் அமெரிக்கா போய், கடை கைமாறி, அங்கே செல்போன் விற்க ஆரம்பித்தார்கள். டெய்சி இரண்டு மாதம் வீட்டில் இருந்து பார்த்தாள். அவள் வீட்டில் இருந்தால் வீடுதான் தாங்காது என்று கணவர் ரொனால்டு சொன்னார். அவர் பள்ளிக்கூடத்தில் விளையாட்டு வாத்தியார். அந்த நேரம் பார்த்துச் சொந்தத்தில் ஒரு கல்யாணம். பெங்களூரிலிருந்து வந்த மாப்பிள்ளை வீட்டாரைக் கடைவீதிக்குக் கூட்டிப்போகும் வேலை டெய்சி தலையில் விழுந்தது. பூட்டுக்கடையில் மாங்காய்ப் பூட்டைத் திறந்து காட்டி, நாட்டுமருந்துக் கடையில் ஆளுக்கொரு துண்டு அதிமதுரம் மெல்லக் கொடுத்து, எந்தக் கடைக்காரர் எந்தக் கடைக்காரரோடு ஏன் பேசுவதில்லை என்பது வரைக்கும் சொல்லி முடித்தபோது, வந்தவர்கள் சேலை வாங்குவதையே மறந்துவிட்டார்கள். ஊருக்குப் போய் நாலு பேரிடம் சொன்னார்கள். அந்த நாலு பேர் வண்டி பிடித்து வந்தார்கள்.

"ஊரைச் சுத்திக் காட்டுறதுக்கு காசு குடுப்பாகளாக்கும்?" என்று ரொனால்டு சிரித்தார்.

"குடுத்துட்டாகள்ல. அடுத்த வாரமும் வாராக," என்றாள் டெய்சி.

இப்படித்தான் சனிக்கிழமைதோறும் சாயங்காலம் நாலு மணிக்கு நடை என்று ஆனது. ஒரு வருஷம் நன்றாகவே ஓடியது. சித்திரை வெயில் வந்தபோதுதான் வினை வந்தது. நாலு மணிக்கும் தார் ரோடு கொதித்தது. டெய்சி யோசித்து, நடையைக் காலை ஒன்பது மணிக்கு மாற்றினாள். வெயில் ஏறியிருக்காது, வீதியில் நெரிசல் இருக்காது, கடைக்காரர்களும் ஓய்வாக இருப்பார்கள். தன் மூளையைத் தானே மெச்சிக்கொண்டு இரண்டு நாள் இருந்தாள்.

மூன்று சனிக்கிழமை போயிருக்கும். நாலாவது வாரம் பூட்டுக்கடைக்காரர் கல்லாவில் உட்கார்ந்துகொண்டே, "முதலாளி ஊர்ல இல்லம்மா" என்றார். முதலாளியே அவர்தான். நாட்டுமருந்துக் கடையில் சரக்கு எண்ணுகிறோம் என்றார்கள். பாத்திரக்கடை கருப்புசாமி அவளைத் தூரத்தில் பார்த்ததும் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டார். டெய்சி வந்தவர்களை, நடை முடிகிற இடமான பிரியாணிக் கடைக்கு முன்கூட்டியே நடத்திக்கொண்டுபோய் ஒருவழியாக மானத்தைக் காப்பாற்றினாள்.

அவளுக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை. எவனோ பொறாமையில் கொளுத்திப் போட்டிருக்கிறான் என்று முடிவே கட்டிவிட்டாள். அதுவும் எந்த நேரத்தில்? பஸ் ஸ்டாண்டு பக்கம் புதிதாகத் திறந்த பெரிய ஜவுளிக்கடையில் அவளை சூப்பர்வைசராக வரச்சொல்லிக் கூப்பிட்டிருந்தார்கள். திங்கட்கிழமைக்குள் பதில் சொல்ல வேண்டும். அதற்கு முந்தின சனிக்கிழமை கோயம்புத்தூரிலிருந்து ரிட்டயரான பேங்க்காரர்கள் ஒரு பஸ் நிறைய வருகிறார்கள். கடைகள் கதவைத் திறந்தால் அவள் கடைவீதியில் இருப்பாள். திறக்காவிட்டால் திங்கட்கிழமையிலிருந்து மறுபடி யாரோ ஒருவரின் கவுண்டருக்குப் பின்னால் நிற்க வேண்டியதுதான்.

வியாழக்கிழமை காலையில் மைதீன் பிச்சையை வழிமறித்தாள். கடை கடையாகச் சாம்பிராணிப் புகை போடுகிறவர் அவர். எல்லாக் கல்லாவுக்கும் தினமும் போய் வருகிற மனுஷனுக்குத் தெரியாத சேதி இருக்காது.

"பாய், எவன் என்னயப் பத்திச் சொன்னான்? பேரை மட்டும் சொல்லுங்க. மிச்சத்த நான் பாத்துக்கிறேன்."

அவர் புகைச்சட்டியைக் கீழே வைத்தார். "யாரும் ஒண்ணும் சொல்லல தங்கச்சி. நீ ஒம்பது மணிக்குக் கூட்டிட்டு வர்றே. அப்பத்தான் கடை தெறக்குறாக. இருபது பேரு உள்ள போறாக, எடுத்துப் பாக்குறாக, போட்டோ புடிக்கிறாக, ஒரு கரண்டி கூட வாங்காம வெளிய வாராக. போனி ஆகல தங்கச்சி."

டெய்சி நெற்றியில் அடித்துக்கொண்டாள். சத்தம் எதிர்க்கடை வரைக்கும் கேட்டது.

போனி என்றால் என்ன என்று அவளுக்கா தெரியாது? நாளின் முதல் வியாபாரம். முதல் ஆள் வெறுங்கையோடு இறங்கிப் போனால் அன்றைய பொழுதே விளங்காது என்பது வீதியின் வேதம். ஜவுளிக்கடையில் அப்படி யாராவது இறங்கினால் பின்னாலேயே ஓடி, "ஒரு கர்ச்சீப்பாவது எடுத்துட்டுப் போங்கக்கா" என்று கெஞ்சி மேலே கூட்டி வருகிற வேலை பதினாறு வருஷமும் அவளுடையதுதான். இதில் கொடுமை என்னவென்றால், போனியைப் பற்றி நடைக்கு வந்தவர்களுக்கு அவளே விளக்கமாகச் சொல்லியிருக்கிறாள். கருப்புசாமி கடைக்குள் நின்றுகொண்டு, கை கால் ஆட்டி, எல்லாரையும் சிரிக்க வைத்துச் சொல்லியிருக்கிறாள். சொல்லி முடித்து, போனி ஆகாத அந்தக் கடையிலிருந்து அத்தனை பேரையும் வெறுங்கையோடு வெளியே கூட்டி வந்திருக்கிறாள். வேடிக்கை காட்டுகிறவளாக ஆனதும் வீதியை வேடிக்கையாகவே பார்த்துவிட்டாள்.

அன்று சாயங்காலமே கருப்புசாமியிடம் போனாள். அவர் குடும்பம் ஒட்டன்சத்திரத்துப் பக்கமிருந்து வந்தது. எத்தனை கோபம் வந்தாலும் அவர் வாயிலிருந்து 'ங்க' போகாது.

"அண்ணே, தப்பு எம்மேலதான். இந்த வாரம் மட்டும் பொறுத்துக்கங்க. வாரவுக மத்தியானம் கொடைக்கானல் போறாக, நேரத்த மாத்த முடியாது. அடுத்த வாரத்துல இருந்து பழையபடி நாலு மணிதான்."

கருப்புசாமி ஒரு தட்டைத் துடைத்துக்கொண்டே இருந்தார். துடைத்த தட்டைத்தான் மறுபடி துடைத்தார்.

"நாலு மணிக்கும் வேண்டாமுங்க அம்மணி. வீதில பேச்சு ஆயிருச்சுங்க. உங்க காலு பட்ட அன்னிக்கு யாவாரம் ஓடறதில்லீங்கறாங்க. இதை உங்ககிட்ட எப்படிச் சொல்றதுன்னுதானுங்க ஷட்டரை எறக்கினேன்."

"அப்ப சனிக்கெழமை நானே போனி பண்றேன். பெருசாவே எடுக்கிறேன்."

"வேண்டாமுங்க. கையெடுத்துக் கும்பிடறனுங்க."

அவர் நிஜமாகவே கும்பிட்டார். டெய்சிக்குச் சுருக்கென்றது. திட்டியிருந்தால் திருப்பித் திட்டியிருப்பாள். ராசியில்லாத கால் என்று மரியாதையாகச் சொன்னால் என்ன செய்வது? அன்று ராத்திரி ரொனால்டு, "சூப்பர்வைசர்னா சேர் குடுப்பாங்கள்ல?" என்று கேட்டபோது அவள் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தாள்.

சனிக்கிழமை காலை பேங்க்காரர்கள் தொப்பியும் தண்ணீர்ப் பாட்டிலுமாக இறங்கினார்கள். டெய்சி அவர்களைப் பாத்திரக்கடைக்கு எதிர்வரிசையில், திறக்காத ஒரு கடையின் நிழலில் நிறுத்தினாள்.

"சார், மேடம், எல்லாரும் கேட்டுக்கங்க. அந்தக் கடைல இன்னும் போனி ஆகல. ஆகுற வரைக்கும் ஒருத்தரும் ரோட்டத் தாண்டக் கூடாது. செத்த நேரம் நின்னு பாருங்க. இதவிடப் பெரிய விஷயம் இந்த வீதில கெடையாது."

கருப்புசாமி ஷட்டரை இறக்கத்தான் போனார். கூட்டம் அசையாமல் எதிரே நிற்பதைப் பார்த்துக் கையை எடுத்துவிட்டார். பூட்டுக்கடைக்காரரும் வாசலுக்கு வந்து நின்றார்.

கன்னிவாடிப் பக்கத்து அம்மா ஒருத்தி மகளோடு படியேறினாள். அண்டா வேண்டும் என்றாள். பெரிய அண்டாவே வேண்டும் என்றாள். கருப்புசாமி இறக்கினார். தட்டிப் பார்த்தாள், கவிழ்த்துப் பார்த்தாள், விலை கேட்டாள், குறைக்கச் சொன்னாள். அவர் குறைத்தார். இன்னும் கேட்டாள். இன்னும் குறைத்தார். எதிர்வரிசையில் எல்லாரும் அண்டாவையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். வங்கியில் வேலை பார்த்தபோதுகூட அவர்கள் அவ்வளவு கவனமாக இருந்திருக்க மாட்டார்கள். கடைசியில் அந்த அம்மா, "பொறவு வாரோம்" என்று சொல்லிவிட்டு மகள் கையைப் பிடித்துக்கொண்டு இறங்கி நடந்தாள்.

கருப்புசாமியின் முகம் தொங்கிவிட்டது. பூட்டுக்கடைக்காரர் டெய்சியைப் பார்த்த பார்வையில் எல்லாம் இருந்தது. இத்தனைக்கும் அவள் ரோட்டைக்கூடத் தாண்டவில்லை.

டெய்சி ஓடினாள். யோசித்து ஓடவில்லை. பதினாறு வருஷம் ஓடின கால் தானாக ஓடியது. சர்பத் வண்டிக்குப் பக்கத்தில் அவர்களைப் பிடித்துவிட்டாள்.

"அக்கா, நில்லுங்க. பேரென்ன?"

"பழனியம்மா. ஏன் தாயி?"

"அண்டாவத் தட்டும்போதெல்லாம் ஒங்க கண்ணு மேல் தட்டுல செப்புக்குடத்து மேலயே இருந்துச்சே. அதானே வேணும்?"

பழனியம்மாள் மகளைப் பார்த்தாள். மகள் நாகஜோதி தரையைப் பார்த்தாள்.

"இவளுக்கு வளைகாப்பு. குடம் போதும்னுதான் வந்தோம். கடைக்குள்ள ஏறினதும் என்னமோ வாயில அண்டான்னு வந்துருச்சு. அம்புட்டுப் பெருசைக் கேட்டு அம்புட்டு நேரம் பேசிப்புட்டு, குடத்தக் குடுங்கன்னா அந்த மனுசன் என்ன நெனைப்பாரு? அதேன் வந்துட்டோம்."

டெய்சிக்குச் சிரிப்பு வந்தது. சேலைக்கடையிலும் இப்படித்தான். பட்டைக் கேட்டுவிட்டு நூலைக் கேட்கக் கூச்சப்பட்டு எத்தனை பேர் இறங்கிப் போயிருக்கிறார்கள்!

"அவரு ஒண்ணும் நெனைக்க மாட்டாரு. இன்னிக்கு அந்தக் கடைக்கு மொதக் கை ஒங்க கைதான். போனிக்குப் பெருசும் கெடையாது, சிறுசும் கெடையாது. வாங்கக்கா."

அழைத்து வந்தாள். கடைப்படி வரைக்கும் வந்து, தான் மட்டும் கீழே ரோட்டிலேயே நின்றுகொண்டாள். ஒரு விரல்கூடப் படியில் படவில்லை. நாகஜோதி போனை எடுத்து, "ஸ்கேன் பண்ணவா?" என்று கேட்டாள். "போனிக்கு மட்டும் கைக்காசுதானுங்க கண்ணு. போனைக் கண்ணுல ஒத்திக்க முடியாதுங்களே," என்றார் கருப்புசாமி. பழனியம்மாள் ரூபாயை எடுத்துக் கொடுத்தாள். அவர் இரண்டு கையாலும் வாங்கி, கண்ணில் ஒற்றி, கல்லாவை ஒரு சுற்றுச் சுற்றி உள்ளே போட்டார். குடத்துக்குள் ஒரு மஞ்சள் துண்டும் போட்டு நாகஜோதி கையில் தந்தார்.

எதிர்வரிசை கை தட்டியது. ஒரு பெரியவர் விசில்கூட அடித்தார். பழனியம்மாளுக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனாலும் தலை நிமிர்ந்துதான் இறங்கினாள்.

கருப்புசாமி வாசலுக்கு வந்தார். கீழே நிற்கிற டெய்சியையும், அவள் நிற்கிற இடத்தையும் பார்த்தார்.

"ஏனுங்க அம்மணி, அங்கயே நின்னா எப்படிங்க? வலது காலை எடுத்து வெச்சு உள்ள வாங்க."

டெய்சிக்குக் கண் நிறைந்துவிட்டது. எந்தக் கடைக்குள்ளும் பின்பக்கமாகவே பேசிக்கொண்டு நுழைகிறவள், கடையைப் பார்த்துத் திரும்பி நின்று, வலது காலை எடுத்து வைத்து ஏறினாள்.

"இனிமேப்பட்டு சாயங்காலத்துக்கு மாத்திக்கிறேன் அண்ணே," என்றாள்.

"எதுக்குங்க? ஒம்பது மணிக்கே வாங்க. எறங்கிப் போற ஆளைத் திருப்பிக் கூட்டியாறதுக்கு இந்த வீதில வேற யாருங்க இருக்கறாங்க?"

பூட்டுக்கடைக்காரர் எதிரேயிருந்து, "எங்களுக்கும் இன்னும் போனி ஆகல டெய்சி!" என்று கத்தினார். ஊரில் இல்லாத முதலாளி அன்றைக்குத்தான் ஊருக்கு வந்திருந்தார் போல.

பேங்க்காரர்களை பஸ் ஏற்றிவிட்டு, அவள் திங்கட்கிழமைக்குக் காத்திருக்கவில்லை. பிரியாணிக் கடை வாசலில் நின்றபடியே ஜவுளிக்கடை மேனேஜருக்குப் போன் போட்டாள்.

"வேற ஆளப் பாத்துக்கங்க சார். காலைல ஒம்பது மணிக்கு நான் கடைவீதில இருக்கணும். அங்க ஆளுக காத்திருப்பாக."