வேப்ப மரத்தில் கட்டிய கேஸ் சொத்து

வெள்ளாற்றங்கரைக் கிராமம் ஒன்றில் நான் கிராம நிர்வாக அலுவலராக இருந்தபோது, அரசாங்கத்தின் சார்பில் இரண்டு மாடுகளை இருபத்திரண்டு நாள் பிடித்து வைத்திருந்தேன். இப்போது நினைத்தாலும் எரிச்சல்தான் வருகிறது.

அன்று காலை செம்மண்டலத்தில் வீட்டை விட்டு இறங்கும்போதே தாசில்தார் போன் செய்தார். "உங்க ஊர்லேர்ந்து மணல் கேஸ் ஒண்ணுகூட வரலயேம்மா. மீட்டிங்ல நான் என்னா சொல்றது?"

புவனகிரியில் பஸ் மாறிப் போய், ஊர்த் தலையாரியைக் கூட்டிக்கொண்டு ஆற்றுக்குள் இறங்கினேன். எங்களைப் பார்த்ததும் டிப்பர் லாரி ஒன்று எதிர்க்கரையில் ஏறி மறைந்தது. அதன் நம்பர் பிளேட்டில் சேறு அப்பியிருந்தது. ஓட முடியாமல் நின்றது ஒரு மாட்டு வண்டிதான்.

வண்டிக்காரருக்கு ஐம்பது வயதிருக்கும். "வூட்டுக்குத் தரை போடணும்மா. விக்கிறதுக்கு இல்ல" என்றார். பர்மிட் இல்லாமல் அள்ளினால் யாருக்கென்றாலும் குற்றம்தான். அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. பறிமுதல் மகஜர் எழுதினேன், கையெழுத்துப் போட்டார். அவரே வண்டியை என் அலுவலகத்துக்கு ஓட்டி வந்து, மாடுகளை அவிழ்த்து வாசல் வேப்ப மரத்தில் கட்டினார்.

ஸ்டேஷனில் எஃப்.ஐ.ஆர். போட்டார்கள். வண்டியையும் மாட்டையும் எடுத்துக்கொள்ளச் சொன்னேன். "இங்க பைக் நிறுத்தவே எடமில்ல மேடம். பிடிச்சது நீங்க, நீங்களே வச்சிருங்க" என்றார் அங்கிருந்த ஏட்டு. மறுநாள் மகஜரையும் திருப்பி அனுப்பினார். பதிவு எண், என்ஜின் எண், சேஸ் எண் எழுத வேண்டிய கட்டங்கள் காலியாக இருக்கின்றனவாம். மூன்றிலும் 'பொருந்தாது' என்று எழுதிக் கொடுத்தேன்.

தாசில்தாரிடம் போனேன்.

"அபராதம் போட்டு விட்டுடலாமா சார்?"

"எஃப்.ஐ.ஆர். ஆயிடுச்சேம்மா. இனிமே நம்ம கையில இல்ல."

"அப்ப கோர்ட்டுக்கு எழுதிடலாமா?"

"அது போலீஸ் வேலை. நீங்க ஏன் தலைய குடுக்குறீங்க?"

மாடுகளுக்கு இதெல்லாம் புரியவில்லை. பசித்தால் கத்தின. இரண்டாம் நாளே வண்டிக்காரர் வைக்கோல் கட்டைத் தலையில் சுமந்துகொண்டு வந்தார். தன்னிடமிருந்து பிடுங்கி வைத்த மாடுகளுக்கு, காலையும் மாலையும் அவரே வந்து தண்ணீர் காட்டினார். சாதிச் சான்றிதழுக்கு வந்தவர்கள் சாணத்தைத் தாண்டி என் மேசைக்கு வந்தார்கள்.

"சாயங்காலம் ஓட்டிக்குனு போயி காலையில கொண்டாந்து கட்டிடறேனேம்மா. இங்க கொசு ஜாஸ்தி" என்று ஒருநாள் கேட்டார்.

"முடியாதுங்க. கேஸ் சொத்து" என்றேன். சொன்ன வாயை என்ன செய்வதென்று தெரியவில்லை.

பன்னிரண்டாம் நாள் ஒரு மாடு வைக்கோலை முகர்ந்துவிட்டுத் தலையைத் திருப்பிக்கொண்டது. வண்டிக்காரர் அதன் கழுத்தைத் தடவியபடி என்னைப் பார்த்தார். நான் அரை நாள் லீவு போட்டுவிட்டுச் சிதம்பரத்துக்குப் போனேன். அங்கே என்னோடு படித்தவள் வக்கீலாக இருக்கிறாள்.

"மாட்டப் பிடிச்சத கோர்ட்டுக்குச் சொன்னீங்களா?" என்றாள்.

"நான் சொல்லல. போலீசும் சொல்லல போல."

"அப்ப எந்த அதிகாரத்துல கட்டி வச்சிருக்க? நீங்க பிடிக்கலாம். பிடிச்சா கோர்ட்டுக்குச் சொல்லணும். அரசாங்கம் எடுத்துக்கிறதா, திருப்பிக் குடுக்கிறதான்னு ஜட்ஜ்தான் முடிவு பண்ணணும். சும்மா கட்டி வச்சிக்கிட்டே இருக்க உனக்கும் ரைட் இல்ல, உங்க தாசில்தாருக்கும் இல்ல."

பன்னிரண்டு நாளாக அந்த மனிதர் என் அனுமதிக்குக் காத்துக்கொண்டிருந்தார். கொடுக்கவும் மறுக்கவும் எனக்கு அதிகாரமே இருக்கவில்லை.

மாடுகளைப் பிடித்ததைக் கோர்ட்டுக்குத் தெரிவிக்கச் சொல்லி ஸ்டேஷனுக்குக் கடிதம் எழுதி, நகலைக் கோர்ட்டுக்கும் அனுப்பினேன். "பிடிச்சவங்களே விடச் சொல்றீங்களா?" என்று தாசில்தார் போனில் கத்தினார். "விடச் சொல்லல சார். கேக்க வேண்டியவங்களக் கேக்கச் சொல்றேன்" என்றேன். ஒரு வாரத்தில் ஸ்டேஷனிலிருந்து கோர்ட்டுக்கு ரிப்போர்ட் போனது. வண்டிக்காரருக்காக என் தோழி மனு போட்டாள். மாட்டு டாக்டர் போட்ட ஊசியில் மாடும் தேறிவிட்டது.

கோர்ட்டில் ஜட்ஜ் என்னிடம் கேட்டது ஒரே கேள்விதான்: "இப்ப மாடுகள யார் பாத்துக்கிறாங்க?"

"இவருதாங்க ஐயா" என்று வண்டிக்காரரைக் காட்டினேன்.

விற்கக் கூடாது, கூப்பிட்டால் கொண்டுவர வேண்டும் என்ற நிபந்தனையோடு வண்டியையும் மாடுகளையும் அவரிடமே விட உத்தரவானது. அதைச் சொல்ல ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை.

அன்று சாயங்காலம் மாடுகளைப் பூட்டியபடி அவர் கேட்டார். "கேஸ் நடக்கும் இல்லம்மா?"

"நடக்கும். மணல் அள்ளினது அள்ளினதுதானே. நான் சாட்சி சொல்லணும்."

"நானும் வரணுமே. ஒரே பஸ்ல போயிடலாம்" என்றார்.

கிண்டல் இல்லை, நிஜமாகத்தான் சொன்னார். இதுவரை இரண்டு வாய்தாவுக்கு அப்படித்தான் போய் வந்திருக்கிறோம். இரண்டு முறையும் எனக்கு ஜன்னலோரத்தில் இடம் போட்டு வைத்திருந்தார்.