மருமகன் தந்த அறை

எழுபதுகளில் மெல்பேர்னில் நானும் மகளும் வாடகைக்கு இருந்த கட்டடத்தின் கீழ் அறையில் ஒரு வெள்ளைக்காரக் கிழவர் இருந்தார். நெட்டை உடம்பு, சாம்பல் கண். அந்த அறை அவருடைய அக்காள் மகன் சும்மா கொடுத்தது. கட்டடமே அந்த மருமகனுடையது. யாரைக் கண்டாலும் கிழவர் தொப்பியைக் கழற்றுவார், எனக்குங்கூட. நான் எழுத்துக் கூட்டி வாசிக்கிறவள்தான், ஆனால் மரியாதை தெரிந்தவள். தேங்காய்ப்பாலில் சொதி வைத்தால் அவருக்கும் ஒரு கோப்பை கொடுப்பேன்.

குடித்தபடி தன் வம்சக் கதை சொல்லுவார். மகள் எனக்குத் தமிழில் சொல்லுவாள். நானூறு வருடத்துக்கு முந்திய இங்கிலாந்தில், பெரிய வீட்டு மாமன் ஒருவர் ஊராரிடம் சொல்லி, இவருடைய முன்னோர் ஒருவரைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பினாராம்.

"அங்க போய் அவர் என்ன செய்தவர்?" என்று கேட்டேன்.

"மாமன் சொன்னதற்கெல்லாம் ஆம் என்றார். தன் சொந்தத் தம்பியைச் சிறையில் போடவும் ஆம் என்றார்," என்று கிழவர் சொன்னதை மகள் சொன்னாள்.

"தம்பிக்காகவும் வாய் திறக்கேல்லையோ?"

"அங்கே அவர் உட்கார்ந்த கதிரை மாமன் கொடுத்தது, அம்மா."

அந்தக் குளிர்காலத்தில் எங்கள் கறி வாசத்தைப் பற்றி முறைப்பாடு வந்தது. மருமகன் எல்லாரையும் கூட்டி, எங்களை வீட்டை விட்டு எழுப்பலாமா என்று ஒவ்வொருவராகக் கேட்டான். பாதிப் பேர் ஆம் என்றார்கள், பாதிப் பேர் வேண்டாம் என்றார்கள். கடைசியாகக் கிழவர். அவர் எழுந்து, தொப்பியைக் கழற்றி, மருமகன் முகத்தைப் பார்த்து, "ஆம்" என்றார்.

"வா பிள்ளை, போவம்," என்று மகளின் கையைப் பிடித்தேன்.

சாமான் ஏற்றிய அன்று கிழவர் மழையில் வெறுந்தலையோடு வாசலில் நின்றார். பக்கத்தில் மருமகனும் நின்றான். அந்தத் தொப்பியை யாருக்காகக் கழற்றினார் என்று எனக்கு இன்றுவரை தெரியாது.