கடைசி அடியில் சேரும் சுதி

தாம்பரத்துக்கு மேற்கே முடிச்சூர் சாலையில் குடியிருந்த கனகவல்லியும் அவள் புருஷன் வேதாசலமும் மேடையில் சண்டை போட்டே பேர் வாங்கினார்கள். சண்டையெல்லாம் பாட்டிலேயே நடக்கும். அவள் ஓர் அடியைச் சுத்தமாகப் பாடுவாள். அவர் ஆர்மோனியம் வாசித்தபடி அதையே சுதி விலகிப் பாடுவார். அவள் திருத்தினால் இன்னும் விலகுவார். கடைசியில் அவள் தலையில் அடித்துக்கொள்ளும்போது திடீரென்று அந்த அடியை இம்மி பிசகாமல் பாடி நிறுத்துவார். அந்த அதிர்ச்சியில் அவளுக்குச் சுதி போய்விடும். ஜனம் விழுந்து விழுந்து சிரிக்கும்.

வேண்டுமென்றே சுதி விலகுவதற்கு எப்பேர்ப்பட்ட காது வேண்டும் என்று கூட்டத்துக்குத் தெரியாது. அவளுக்குத் தெரியும். யார்டில் ரயில் ஊதினால் அது எத்தனை கட்டை என்று சொல்லக்கூடிய மனிதர் அவர்.

எண்பத்தேழு பொங்கலுக்கு டிவியில் வந்தார்கள். அதன் பிறகு ஆடி மாதம் முழுக்க மேடைதான். எலெக்ட்ரிக் டிரெயினில் முன்பின் தெரியாதவர்கள்கூட, ஒரு சண்டை போடுங்களேன் என்று கேட்பார்கள்.

பகலில் வேதாசலத்துக்கு மறைமலை நகர்ப் பக்கம் ஒரு பட்டறையில் தகடு அடிக்கும் பிரஸ்ஸில் வேலை. அந்த இடி காதில் எப்போது குடியேறியது என்று அவளால் சொல்ல முடியாது. வண்டலூரில் ஒரு கல்யாண வரவேற்பில் கடைசி அடி கீழே இறங்கிவிட்டது. தொண்டை கட்டியிருக்கிறது என்றார். அடுத்த மேடையிலும் அதே கதைதான். வீட்டில் பின்னாலிருந்து கூப்பிட்டால் திரும்பவே இல்லை. டாக்டரிடம் போகலாம் என்றபோது சோற்றுத் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து போனார். அப்புறம் அவள் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. அவர் எங்கே விழுகிறாரோ அங்கே தன் குரலையும் இறக்கினாள். டோலக் வாசிக்கும் சேட்டுவிடம் கடைசி அடியில் பலமாக அடிக்கச் சொன்னாள். எப்படியோ சமாளித்துக்கொண்டு போனார்கள்.

தொண்ணூற்று நான்கில் புதிதாக வந்த ஒரு தனியார் சேனலில் கூப்பிட்டார்கள். ஸ்டூடியோவில் அவர் குரலுக்குத் தனி மைக். ஒளிய இடமில்லை. திரும்பத் திரும்ப எடுத்தும் கடைசி அடி சேரவில்லை. டைரக்டர் ஸ்ரீநிவாசராகவன் அவளை ஓரமாகக் கூப்பிட்டார்.

"மேடம், கடைசில சார் கரெக்டா பாடினாத்தான் அது ஜோக். இல்லேன்னா சும்மா தப்பாப் பாடறார், அவ்ளோதான்."

வேறொருவர் குரலை அந்த ஓர் அடிக்கு மட்டும் வைத்துவிடலாம் என்றார். அவள் தலையாட்டினாள். புருஷனிடம் சொல்லவில்லை.

ஒளிபரப்பான ஞாயிற்றுக்கிழமை அக்கம்பக்கத்துக்காரர்கள் வந்து கூடத்தில் உட்கார்ந்திருந்தார்கள். பாட்டு முடிந்ததும் எல்லோரும் கை தட்டினார்கள். வேதாசலம் அந்தக் கைகளைப் பார்த்தார், பிறகு அவள் முகத்தைப் பார்த்தார்.

"நல்லா வந்துச்சா, கனகு?"

"ரொம்ப நல்லா இருந்துச்சுங்க."

அதில்தான் அவருக்குத் தைரியம் வந்துவிட்டது. படப்பைத் திருவிழாவுக்குத் தானே போய் ஒப்புக்கொண்டு வந்தார். சேட்டுவை அடக்கி வாசிக்கச் சொன்னார். கடைசி அடியை எழுந்து நின்று, கண்ணை மூடி, அடிவயிற்றிலிருந்து பாடினார். அது எங்கேயோ போனது. முதலில் சிரித்தார்கள். சரியான அடி இனிமேல்தான் வரும் என்று காத்திருந்தார்கள். அவர் கண்ணைத் திறந்து, திறந்திருந்த வாய்களைப் பார்த்து, ரசிக்கிறார்கள் என்று நினைத்து மறுபடியும் பாடினார். விசில் கிளம்பியது. டிவியில் பாடினவனைக் கூட்டி வா என்று ஒருவன் கத்தினான். அவர் அவனைப் பார்த்தும் கும்பிட்டார். கனகவல்லி குனிந்து ஆர்மோனியத்தின் துருத்தியை மூடினாள்.

மேடைக்குப் பின்னால் வந்ததும் ஏன் நிறுத்தினாய் என்று கேட்டார். அவள் மெதுவாகச் சொன்னாள். அவருக்கு விளங்கவில்லை. இன்னொரு தடவை சொன்னாள். கடைசியில் கத்த வேண்டியதாயிற்று.

"டிவில பாடுனது நீங்க இல்லங்க!"

மைக் செட்காரர்கள், வேஷம் கலைத்துக்கொண்டிருந்த கூத்துக்காரர்கள், எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். அவருக்கு அப்போதுதான் விளங்கியது.

"நல்லா இருந்துச்சுன்னு நீதானே சொன்ன?" என்றார். கோபத்தில் கேட்கவில்லை. அவளுக்கு அதுதான் தாங்கவில்லை.

அதன் பிறகு அவர் பேசுவது குறைந்துபோனது. தன் குரல் உயர்கிறதா தாழ்கிறதா என்று தெரியாததால் கடைக்குப் போனால் விரலால் காட்டி வாங்கி வந்தார். ஒரு வருஷம் கழித்து, வேறு ஆளை வைத்துச் சண்டையைத் தொடரலாம் என்று சேட்டு வந்து கேட்டான். "இன்னாக்கா, பேர் கெட்டுப்பூடல. இன்னும் கேக்கறாங்க." குரோம்பேட்டையில் ஒரு மேடைக்கு மட்டும் போனாள். அந்த ஆள் நன்றாகவே பாடினான், சரியான இடத்தில் சேர்ந்தான். கூட்டம் சிரித்தது. அவள் தலையில் அடித்துக்கொண்ட கையை எடுக்க முடியாமல் நின்றாள். அதோடு சரி.

வீட்டில் அடுப்பு வேலையின்போது அவளை அறியாமல் பாட்டு வரும். அவருக்குக் கேட்காது. ஆனால் அவள் உதடு அசைவதைக் கண்டால் எழுந்து வாசலுக்குப் போய்விடுவார். நாளடைவில் அவள் வாயை இறுக்கிக்கொண்டே சமைக்கப் பழகிக்கொண்டாள்.