கடைசி வீடு

எந்தக் கணக்கையும் லேசாகப் போட றொஹானுக்குத் தெரியாது. வெள்ளவத்தையிலிருந்து கொழும்பு முழுக்க வீடு வீடாக மருந்து கொண்டுபோய்க் கொடுக்கும் சிறு கம்பனி ஒன்றின் புரோகிராமர் அவன். ஒரே ஒரு மோட்டார் சைக்கிள், பிற்பகலுக்கு ஏழெட்டு வீடு. அவசரக்காரருக்கு முதலில், மற்றவர்களுக்குப் பிறகு என்று வரிசைப்படுத்தினால் வேலை முடிந்தது. எதற்கெடுத்தாலும் டைனமிக் புரோகிராமிங் என்று நிற்பவன் அப்படி விடுவானா! எந்தெந்த வீடுகள் சேர்ந்து வந்தால் எந்த வரிசை நல்லது என்று கண்டுபிடித்து, ஆளின் பெயரோடு விடையை ஒரு பெரிய அட்டவணையில் சேமித்து வைத்தான். ஒருமுறை தீர்த்ததை மறுபடி தீர்க்கக் கூடாது என்பது அவன் பிடிவாதம்.

பக்கத்து மேசை றிப்னா தலையில் அடித்துக்கொண்டாள். "இதுக்குப் போய் இவ்வளவா? சும்மா சோர்ட் பண்ணினா போதும்தானே!"

றொஹானின் கொட்டாஞ்சேனை வீட்டில் அவன் தகப்பன் சூசைதாசன் இருந்த காலத்தில், அவருக்கு மாதாமாதம் பிரஷர் குளிசை போகும். அவசரமில்லாத மருந்து என்பதால் அட்டவணை அவரைக் கடைசியில் வைத்திருந்தது. போன வருஷம் அவர் செத்துப்போனார். விடை சாகவில்லை.

அன்று பிற்பகல் வீட்டில் இருந்த அவன் மனைவி றஷ்மிக்கு ஆஸ்துமா இழுப்பு வந்தது. வாயில் அடிக்கும் பம்ப் தீர்ந்திருந்தது. "கெதியா அனுப்புங்கோ," என்றாள் போனில், மூச்சுக்கு நடுவே. றொஹான் உடனே ஓடரைப் போட்டான். அதே வீடு, அன்றைக்கென்று கூடச் சேர்ந்த மற்ற வீடுகளும் முன்பு வந்த அதே வீடுகள். அட்டவணை பழைய விடையை அப்படியே தூக்கிக் கொடுத்தது. திரையில் கடைசி இடத்தில் சூசைதாசன் என்று இருந்தது.

"நபீஸுக்குக் கோல் எடுத்து நேரே போகச் சொல்லுங்க!" என்று றிப்னா கத்தினாள். நபீஸ்தான் மருந்து கொண்டுபோகிறவன். றொஹான் கேட்டால்தானே! எங்கே பிழை என்று அட்டவணையைத் தோண்டிக்கொண்டிருந்தான். பெயரை அழித்தான். திரும்பி வந்தது. மறுபடி அழித்தான். மறுபடியும் வந்தது.

கடைசியில் நபீஸே அழைத்தான். "உங்கட ஊட்டுல குடுத்துட்டேன் சேர். வயசான ஐயா ஒருத்தர்தான் கதவத் தொறந்தார். சூசைதாசன்னு சைனும் வெச்சார்."

றொஹான் வீட்டுக்கு அழைத்தான். றஷ்மி எடுத்தாள். முதலில் இழுப்புச் சத்தம் மட்டுமே கேட்டது.

"நான் கதவடியிலதான் இருக்கிறன்," என்றாள். "இன்னும் ஒருத்தரும் வரேல்ல."