நாலு நாள் பேராசிரியர்கள்

அரசு மருத்துவக் கல்லூரி ஆபீசில் அந்தக் கிளார்க் அம்மாவுக்கு 'பூதக்கண்ணாடி' என்று பெயர். பெயரை வைத்தது யார் என்று அவரும் பல வருடமாகத் துப்புத் துலக்கிக்கொண்டுதான் இருக்கிறார். யாராவது சிரித்தால் ஏன் சிரிக்கிறார்கள், சிரிக்காவிட்டால் எதை மறைக்கிறார்கள் என்று யோசிக்கிற ரகம். வீட்டிலும் அதே கதைதான். "ஒரு நாள் சீக்கிரம் வந்தாக்கூட, கடையில யார்கிட்ட சண்டைன்னு கேக்குறியே" என்று தையல்கடைக்காரக் கணவர் தலையில் அடித்துக்கொள்வார்.

சந்தேகம் சும்மா வந்துவிடவில்லை. வேலைக்குச் சேர்ந்த புதிதில், நீட்டிய தாளில் படிக்காமல் கையெழுத்துப் போட்டு, யாரோ தொலைத்த கோப்புக்காக இரண்டு வருடம் விளக்கம் எழுதியவர். அன்றிலிருந்து தன் பெயர் எதிலும் மாட்டாமல் பார்த்துக்கொள்வதுதான் அவருக்கு முதல் வேலை. சம்பளத்துக்கான வேலை அப்புறம்.

அந்த வேலை, ஆசிரியர் பணியிடப் பதிவேடு. தொண்ணூற்றிரண்டு இடங்களில் முப்பத்தொன்று காலி. ஆனால் வருடா வருடம் கல்லூரிக்கு அங்கீகாரம் தரும் ஆய்வுக் குழு வரும் வாரத்தில் ஒன்றுகூடக் காலியாக இருக்காது. மற்ற ஊர்க் கல்லூரிகளிலிருந்து நாலு நாள் மாறுதல் உத்தரவோடு பேராசிரியர்கள் வந்து இறங்கிவிடுவார்கள். கதவுகளில் அவர்கள் பெயர்ப்பலகையை மாட்டச் செய்வதும் ஐந்தாம் நாள் கழற்றச் செய்வதும் பூதக்கண்ணாடியின் பொறுப்பு. "மாப்பிள்ளைங்க கிளம்பியாச்சா?" என்று கேட்டு உறுதி செய்துகொண்டுதான் பலகைகளைப் பீரோவில் வைத்துப் பூட்டுவார்.

அந்தக் காலி இடங்களை நிரப்பச் சொல்லிக் கோர்ட்டுக்குப் போனவர் உடற்கூறியல் டாக்டரம்மா. ஒன்பது வருடமாக ஒப்பந்தத்தில் பாடம் நடத்துகிறார். இன்னும் ஐந்து மாதத்தில் வயது வரம்பு தாண்டிவிடும். அதற்குள் இடங்களை அறிவிக்காவிட்டால் நிரந்தர வேலையை அவர் மறந்துவிட வேண்டியதுதான்.

ஒரு மதியம் அவர் வந்து எதிரே உட்கார்ந்தார்.

"அக்கா, அந்த நாலு நாள் உத்தரவோட நகல் ஒண்ணு வேணும். அது இருந்தாதான் கேஸ் நிக்கும்னு வக்கீல் சொல்றார்."

மேசையில் கவிழ்ந்து கிடந்த டாக்டரம்மாவின் செல்போனையே பூதக்கண்ணாடி பார்த்தார். பேசுவதெல்லாம் பதிவாகிறதோ?

"எந்த உத்தரவு? எனக்கு ஒண்ணும் தெரியாதும்மா. டீனுக்கு எழுதிக் கேளுங்க" என்று போனுக்குக் கேட்கும்படி உரக்கச் சொன்னார்.

"ரெண்டு தடவை எழுதியாச்சுக்கா. பதிலே இல்ல."

"அப்ப நான் என்ன பண்ண முடியும்?"

டாக்டரம்மா எழுந்து போனார். நல்லவேளை தப்பித்தோம் என்று இருந்தது இவருக்கு.

மறுவாரம் ஆபீஸ் சூப்பிரண்டு கூப்பிட்டார். எப்போதும் 'இந்தாம்மா' என்பவர், "மேடம், உட்காருங்க" என்று டீ வரவழைத்தார். பூதக்கண்ணாடி டீயைத் தொடவில்லை.

"கோர்ட்ல பணியிட விவரம் கேட்டிருக்காங்க. இந்தத் தேதி நிலவரப்படி போட்டுக் குடுங்க."

அது ஆய்வு நடந்த வாரத்தின் தேதி.

"கோர்ட்டே கேட்ட தேதியா சார்?"

"ஆமா மேடம். உங்க கையெழுத்துகூட வேணாம். டீன் போடுவார்."

எண்களில் ஏதோ தில்லுமுல்லு நடக்கப்போகிறது என்று ஒவ்வொன்றையும் மூன்று முறை ஒத்துப்பார்த்தார். எல்லாம் சரி. அந்தத் தேதியில் தொண்ணூற்றிரண்டு பேரும் இருந்தார்கள், காலியிடம் இல்லை. ஒரு எண்ணிலும் பொய் கிடையாது, தன் பெயரும் எங்குமே கிடையாது. அவருக்கு அது போதுமாயிருந்தது. டைப் அடித்துக் கொடுத்துவிட்டார்.

விசாரணை அன்று கோப்புகளைச் சுமந்து அவரே கோர்ட்டுக்குப் போக வேண்டியதாயிற்று. அரசு வக்கீல் விவரத்தைப் படித்தார். நீதிபதி புருவம் உயர்த்தினார்.

"நாங்க கேட்டது இன்னைக்கு நிலவரம்."

"கடைசியா ஆய்வுக் குழு சரிபார்த்த தேதி இதுதாங்க ஐயா."

டாக்டரம்மாவின் வக்கீல் துள்ளி எழுந்து, அவர்களெல்லாம் நாலு நாள் மாறுதலில் வந்தவர்கள் என்றார். உத்தரவு எங்கே என்று நீதிபதி கேட்டார். அவரிடம் இல்லை. அது பூதக்கண்ணாடியின் மடியில் இருந்த பைக்குள் இருந்தது. அவர் பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தே இருந்தார். பத்து நிமிடத்தில் மனு தள்ளுபடி. அப்பீலுக்கு முப்பது நாள்.

அன்று அவருக்குச் சோறு இறங்கவில்லை. ஊரையே சலித்துச் சந்தேகப்பட்டவர், தன்னைக் காப்பாற்றிக்கொண்டதும் அந்தத் தேதியைச் சும்மா விட்டுவிட்டார். வெட்கமாக இருந்தது.

மறுநாள் காலை உத்தரவு நகல்களை ஒரு உறையில் போட்டு எடுத்துக்கொண்டு, வாழ்க்கையில் முதல்முறையாக உடற்கூறியல் கூடத்துக்குப் போனார். டாக்டரம்மா கையுறை மாட்டிக்கொண்டிருந்தார்.

"இந்தாங்கம்மா. முப்பத்தொண்ணும் இருக்கு. அப்பீலுக்கு வச்சுக்கங்க."

டாக்டரம்மா உறையைப் பார்த்தார். பிறகு கதவுக்கு வெளியே யாராவது நிற்கிறார்களா என்று எட்டிப் பார்த்தார்.

"யார் குடுத்து விட்டாங்க மேடம்?"

"யாரும் இல்லம்மா. நானாத்தான்."

"நேத்து கோர்ட்ல வாயைத் திறக்கல. இன்னைக்கு நீங்களா கொண்டு வர்றீங்க. நாளைக்கு ஆபீஸ் காகிதத்தைத் திருடிட்டேன்னு இருக்குற வேலையும் போகும், அதானே?"

"என் புள்ளைங்க மேல சத்தியமா சொல்றேம்மா..."

"வேணாம் மேடம். எடுத்துட்டுப் போங்க" என்று சொல்லிவிட்டு, டாக்டரம்மா காத்திருந்த மாணவர்களிடம் திரும்பினார்.