மாப்பிள்ளையைக் கெடா ஆக்கிய ஞாயிறு

புது மாப்பிள்ளையைத் துப்பாக்கிச் சண்டைக்குக் கூட்டிக்கொண்டு போன மைத்துனன் எங்கள் ஊரில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன். அப்போது ஒன்பதாம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தேன். கம்பத்தில் ஓர் உரக்கடையின் மாடியில் பிரவுசிங் சென்டர் இருந்தது. எட்டுக் கம்ப்யூட்டர்களை வயர் போட்டு ஒன்றோடொன்று இணைத்திருப்பார்கள். அதில் துப்பாக்கிச் சண்டை விளையாடுவோம். நாலு பேர் ஒரு கட்சி, நாலு பேர் எதிர்க்கட்சி. ஒரு கட்சி கிடங்குக்குள் புகுந்து குண்டு வைக்க வேண்டும், மற்றது தடுக்க வேண்டும். கீழேயிருந்து பூச்சிமருந்து நெடி ஏறி வரும். மேலே நாங்கள் மும்முரமாகச் செத்துக்கொண்டிருப்போம்.

ஞாயிறு காலை பத்திலிருந்து பன்னிரண்டு வரைதான் கரண்ட் போகாது. எட்டு மெஷினும் ஒழுங்காக ஓடும் நேரம் வாரத்தில் அது ஒன்றுதான். அந்த நேரத்துக்கு நாங்களும் வருவோம், லோயர் கேம்ப் மின்வாரியக் குவார்ட்டர்ஸ் பையன்களும் பஸ் ஏறி வருவார்கள். வாராவாரம் ஒரு பஞ்சாயத்து. கடைசியில் சென்டர்காரர் கையெடுத்துக் கும்பிட்டு ஒரு தீர்ப்புச் சொன்னார்: வரும் ஞாயிறு ஒரு மேட்ச். முதலில் ஏழு ரவுண்டு ஜெயிக்கிற கட்சிக்கு அரைப்பரீட்சை வரை ஞாயிற்றுக்கிழமை சொந்தம். தோற்றவர்கள் அந்தப் பக்கமே வரக்கூடாது. எனக்கு ஒரு வாரம் சோறு இறங்கவில்லை.

எங்கள் கட்சியில் நான், என் தம்பி, சித்தப்பா மகன், மாமா மகன். எங்களுக்கு ஒரு வித்தை இருந்தது. கிடங்குக்குள் எதிராளிகள் வாசலை நோக்கித் துப்பாக்கியை நீட்டி உட்கார்ந்திருப்பார்கள். முதலில் மாமா மகன் அலறிக்கொண்டு உள்ளே ஓடுவான். எல்லாத் துப்பாக்கியும் அவன் பக்கம் திரும்பும், அவன் செத்துப்போவான். அவன் முதுகை ஒட்டியே நுழையும் நான், சுட்டவனைச் சுட்டுவிடுவேன். தம்பி சுவருக்கு மேலாகக் கண்ணைக் கூசவைக்கும் குண்டைப் போடுவான். சித்தப்பா மகன் பின்வாசல் வழியாகச் சுற்றிக்கொண்டு வருவான். முதல் ஆள் சாவதில் நஷ்டமே இல்லை, ரவுண்டு முடிந்தால் எழுந்துவிடுவான். அவன் செத்தவுடன் இரண்டாவது ஆள் வந்துசேராவிட்டால்தான் எல்லாம் பாழ். அந்த முதல் ஆளுக்கு நாங்கள் வைத்த பெயர் கெடா. குலசாமிக்கு நேர்ந்துவிட்ட கெடா மாதிரி மாலையும் மரியாதையுமாகப் போய்ச் சேர வேண்டியவன் அவன்.

மேட்சுக்கு இரண்டு நாள் முன்னால் எங்கள் கெடாவுக்கு அம்மை போட்டுவிட்டது.

அதே சமயத்தில்தான் வீட்டில் மாப்பிள்ளை வந்து இறங்கியிருந்தார். அக்காவுக்கு ஆனியில் கல்யாணம். ஆடிக்கு அழைத்து வந்திருந்த அவளைக் கூட்டிப்போக மச்சான் வந்திருந்தார். சொந்த ஊர் வருசநாட்டுப் பக்கம், வேலை கோயம்புத்தூரில் ஒரு மோட்டார் கம்பெனியில். அப்பா அவரை மூன்று நாள் இருந்துவிட்டுத்தான் போக வேண்டும் என்று பிடித்து வைத்துக்கொண்டார். பிடித்து வைத்து என்ன செய்தார்கள் என்றால், மரியாதை செய்தார்கள். அவர் கூடத்துக்கு வந்தால் டிவி அணையும். அப்பா நாற்காலியை விட்டு எழுந்து போய்விடுவார். அம்மா கதவுக்குப் பின்னால் நின்றுதான் பேசுவாள். சாப்பாட்டில் முதல் பந்தி அவருக்கு. பந்தியில் இருப்பதும் அவர் ஒருவர்தான். மனிதர் என்ன கேட்டாலும் "ஊம்" என்பார், அதற்கு மேல் ஒரு சொல் வராது.

அக்கா அடுப்படியில் அம்மாவிடம் அழுததை நான் கேட்டேன். "அங்கனயும் இப்படித்தாம்மா இருக்காக. எதக் கேட்டாலும் ஊம்ங்கிறாக. என்னையப் பிடிக்கலயோ என்னமோ. நான் இங்கனயே ஒரு மாசம் இருந்துட்டுப் போறேனே" என்றாள். அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அக்கா இருந்தால் நமக்குப் பலகாரம் கிடைக்குமே, இதற்கு ஏன் அம்மா பதறுகிறாள் என்று எனக்குத் தோன்றியது.

ஞாயிறு காலை அப்பா என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "ஏலே, மாப்ள பாவம் சும்மாவே உக்காந்திருக்காக. எங்கயாச்சும் கூட்டிட்டுப் போய்ட்டு வா" என்றார். நாலாவது ஆள் இல்லாமல் தவித்துக்கொண்டிருந்த எனக்குச் சாமியே வந்து வரம் கொடுத்தது போல இருந்தது. மச்சானை அப்பாவின் மொபெட்டில் ஏற்றினோம், நாங்கள் மூவரும் சைக்கிளில் முன்னும் பின்னும் போனோம்.

பத்து நிமிடத்தில் அவருக்கு நடக்கவும் சுடவும் சொல்லிக் கொடுத்தோம். நேராக ஓட வந்தது. திரும்பத்தான் வரவில்லை, சுவரைப் பார்த்தபடியே நின்றுவிடுவார். டாஸில் குண்டு வைக்கும் கட்சி எங்களுடையதானது. ஒரு கெடா வேண்டும். தம்பி பயந்தாங்கொள்ளி, சித்தப்பா மகன் ஆமை, நான் தலைவன். மச்சானைப் போய் எப்படிக் கெடா ஆக்குவது? வீட்டில் கறிச்சோற்றில் மாப்பிள்ளைக்கு நல்ல எலும்பை எடுத்துவைக்கிற பழக்கம் எங்களையும் விடவில்லை. இருப்பதிலேயே உயர்ந்த, தூரத்திலிருந்து சுடும் துப்பாக்கியை அவருக்கு வாங்கிக் கொடுத்தோம். பின்னால் ஒரு சந்தில், ஒருத்தரும் வராத மூலையில், பத்திரமாக நிறுத்தினோம். காவலுக்குத் தம்பியை வேறு வைத்தோம்.

லோயர் கேம்ப் பையன்கள் எங்களைச் சுரைக்காய் சீவுவது போலச் சீவினார்கள். உள்ளே நுழைய ஆள் இல்லை, நுழைந்தாலும் பின்னால் வர ஆள் இல்லை. ஒவ்வொரு ரவுண்டிலும் நாங்கள் மூவரும் செத்த பிறகு மச்சான் மட்டும் சந்தில் அழகாக நின்றுகொண்டிருப்பார். அவர்கள் நாலு பேரும் நிதானமாகத் தேடிப் போய் அவரைச் சுடுவார்கள். ஐந்துக்குப் பூஜ்யம். இன்னும் இரண்டு ரவுண்டு போனால் ஞாயிற்றுக்கிழமையே போச்சு. எனக்குக் கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. என்ன சொல்கிறேன் என்று தெரியாமலே கத்திவிட்டேன்.

"அங்கன நின்னு என்ன பண்றீங்க மச்சான்? ஓடிப் போய்ச் சாவுங்க!"

தம்பி மௌசை விட்டுவிட்டு எழுந்தே நின்றுவிட்டான். கட்டிக் கொடுத்து இரண்டு மாதம்கூட ஆகாத அக்காவின் புருஷனை நான் செத்துப் போகச் சொல்லியிருக்கிறேன். அப்பா தோலை உரித்துத் திராட்சைப் பந்தலில் காயப்போடுவார் என்பது உறுதியாயிற்று. மச்சான் மெல்லத் திரும்பி என்னைப் பார்த்தார்.

"எந்த வாசல் வழியா?" என்று கேட்டார்.

அதுதான் அவர் வாயிலிருந்து நான் கேட்ட முதல் கேள்வி. முன்வாசலைக் காட்டினேன். அடுத்த ரவுண்டில் மனிதர் ஓடினார் பாருங்கள்! நேராக ஓட மட்டும் தெரிந்தவருக்கு அதைவிடப் பொருத்தமான வேலை உலகத்தில் கிடையாது. நாலு துப்பாக்கியும் அவர்மேல் திரும்பின. "பெட்டிக்குப் பின்னால ரெண்டு பேருடா, மேல ஒருத்தன்!" என்று கத்திக்கொண்டே செத்தார். நான் அவர் முதுகை ஒட்டி நுழைந்து பெட்டிக்குப் பின்னால் இருந்த இருவரையும் முடித்தேன். மிச்சத்தைப் பின்வாசல் பார்த்துக்கொண்டது. அதன் பிறகு மச்சானின் வாய் மூடவே இல்லை. தம்பியை வைதார், சித்தப்பா மகனை "ஏலே ஆமை" என்றார், தான் சாகும் ஒவ்வொரு தடவையும் குழந்தை மாதிரி சிரித்தார். நடுவில் ஒரு ரவுண்டை விட்டோம். ஆறுக்கு ஆறு ஆயிற்று.

கடைசி ரவுண்டில் அவரே என் தோளைத் தட்டினார். "நான் வருவேன்னு அவய்ங்களுக்குத் தெரிஞ்சு போச்சு. ஏலே, இந்தத் தடவ நீ சாவு. நான் பின்னால வாரேன்" என்றார். தலைவன் எப்படிச் சாவது என்று ஒரு கணம் யோசித்தேன். பிறகு அலறிக்கொண்டு ஓடினேன். செத்தும் போனேன். என் முதுகுக்குப் பின்னால் தவறாமல் வந்து சேர்ந்தார் மச்சான். குருட்டாம்போக்கில் சுட்டதில் இரண்டு பேர் விழுந்தார்கள், மற்ற இருவரையும் தம்பியும் சித்தப்பா மகனும் பார்த்துக்கொண்டார்கள். குண்டு வெடித்தது. நாலு பேரும் கட்டிப்பிடித்துக் குதித்த குதியில் உரக்கடைக்காரர் கீழேயிருந்து கம்பால் கூரையைத் தட்டினார்.

வீடு வரும் வழியெல்லாம் நான் சைக்கிளை வேண்டுமென்றே மெதுவாக மிதித்தேன். மதியம் அவருக்கு இலை போட்டார்கள். அக்கா பரிமாற, அப்பா தள்ளி நின்று, "பயலுக ஒழுங்கா இருந்தாய்ங்களா மாப்ள?" என்று கேட்டார். வழக்கமான "ஊம்" வந்துவிட்டால் பிழைத்தேன். வரவில்லை.

"என்னையப் போய்ச் சாவுங்கன்னுட்டான் மாமா, உங்க மகன்."

அப்பாவின் முகம் செத்துப் போயிற்று. கதவுக்குப் பின்னால் அம்மா ஏதோ சாமி பேரைச் சொன்னாள். மச்சானோ வெடித்துச் சிரித்துவிட்டார். சாம்பார் வாளியைப் பெட்டி என்று வைத்து, தண்ணீர்ச் சொம்பை வாசல் என்று வைத்து, தான் எப்படி ஓடினார், எப்படிச் செத்தார் என்று முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தார். "நீங்களும் உக்காருங்க மாமா, ஏலே, எல்லாரும் இலை போடுங்கடா" என்றார். அப்பா தயங்கித் தயங்கி உட்கார்ந்தார். அக்கா கரண்டியும் கையுமாக நின்று மச்சானையே பார்த்துக்கொண்டிருந்தாள். கொஞ்ச நேரத்தில், "அப்பறம்? அப்பறம் என்னாச்சு?" என்று கேட்டாள்.

எனக்கு ஆத்திரமாக வந்தது. ஒரு கட்சியில் விளையாடியவர் இப்படிக் காட்டிக் கொடுக்கலாமா? சாப்பிட்ட கையோடு அப்பா என் முதுகில் இரண்டு வைத்தார். இரண்டு மாதமாக மச்சானை எல்லோருமாகச் சேர்ந்து ஒரு மூலையில் பத்திரமாக நிறுத்தி வைத்திருந்தோம், ஒரு வேலைக்கும் கூப்பிடவில்லை. கல்யாணமாகிப் போன அக்காவும் எங்கள் வீட்டுப் பிள்ளைதானே, அவளும் அங்கே அதே மரியாதையைத்தான் செய்திருப்பாள். இதெல்லாம் எனக்கே கல்யாணமாகி, மாமனார் வீட்டுக் கூடத்தில் தனி இலையின் முன் உட்கார்ந்த அன்றுதான் புரிந்தது.

ஒரு மாசம் இருக்கிறேன் என்று அழுத அக்கா மறுநாள் காலையே மச்சானோடு கிளம்பிவிட்டாள். கம்பம் பஸ் ஸ்டாண்டில் மச்சான் இடம் பிடிக்க ஏறியதும், அவள் பின்னாலேயே ஏறாமல் என்னிடம் திரும்பி வந்தாள். என் தலைமுடியைப் பிடித்து ஆட்டி, "அவுகள நல்லா வஞ்சடா, நல்லாயிரு" என்றாள். கேலி செய்கிறாள் என்று நினைத்து முகத்தைத் திருப்பிக்கொண்டேன். பஸ் கிளம்பியபோது அவள் கையசைத்ததற்கு நான் கையசைக்கவில்லை.