ஏழு பேர் உட்காரும் காடிக்கு ரிம்

“பின்னால எத்தனை பேரு உக்காருவாங்க அண்ணே?”

டயர் கடைத் தம்பி கேட்டது இவ்வளவுதான். ரிம் வாங்க வந்தவனிடம் கேட்கிற சாதாரணக் கேள்வி. எனக்குத்தான் சுருக்கென்றது. இரண்டு வருஷமாக என் காடியின் பின்சீட்டில் உட்கார்ந்து வருவது பாசாரில் காய்கறி வாங்குகிற பையும் குடையும்தான். அதையா அவனிடம் சொல்வது?

நடந்தது இது. அதற்கு முந்தின வாரம் சுங்கை பினாங் பக்கம் நல்ல மழை. தண்ணீர் நின்றதில் குழி எது, ரோடு எது என்று தெரியவில்லை. இடது முன்சக்கரம் ஒரு குழிக்குள் இறங்கி, டொம் என்று ஏறியது. இறங்கிப் பார்த்தால் ரிம்மில் விரல் நீளத்துக்கு விரிசல். குழியைத் திட்டினேன், ரோடு போட்டவனைத் திட்டினேன், மழையையும் விடவில்லை. பக்கத்து சீட்டில் ஒருத்தி இருந்திருந்தால், ‘கண்ணு எங்க இருக்கு உங்களுக்கு’ என்று என்னைத் திட்டியிருப்பாள். அதற்கும் ஆள் இல்லை. நனைந்துகொண்டே ஸ்பேர் டயரை மாட்டி வீடு வந்து சேர்ந்தேன்.

அந்த ஒருத்தி, என் மனைவி, மெல்பர்னில் இருக்கிறாள். மகளுக்குப் பிரசவம் பார்க்க மூன்று மாதம் என்று போனவள். மூன்று ஆறானது. மகள் வேலைக்குத் திரும்பினாள், பிள்ளையை யாரிடம் விடுவது என்று ஒரு பேச்சு வந்தது, அதற்கப்புறம் எத்தனை மாதம் என்பதை யாரும் பேசுவதே இல்லை. மகன் கோலாலம்பூரில். நல்ல பையன்தான், அப்பப்போ ஃபோன் போட்டு ‘சாப்பிட்டீங்களாப்பா’ என்பான். நான் இங்கே பினாங்கில், கெலுகோரில், மூன்று அறை வீட்டில், ஒரு அறையை மட்டும் கூட்டிப் பெருக்கிக்கொண்டு இருக்கிறேன். ‘நீங்களும் ஒரு நடை போயிட்டு வரலாமே’ என்று ஆளாளுக்குச் சொல்வார்கள். மருமகன் வாயிலிருந்து ‘வாங்க மாமா’ என்று ஒரு வார்த்தை வரட்டும், போகிறேன். கூப்பிடாத வீட்டுக்குப் போய் ஹாலில் படுக்கிற ஆள் நான் இல்லை. வீம்பு என்பீர்கள். வீம்புதான்.

ஆனால் வருகிற தீபாவளிக்கு எல்லோரும் வருவதாக ஒரு பேச்சு இருந்தது. மனைவி என்னவோ ‘பார்க்கலாங்க’ என்றுதான் சொன்னாள். நான் அதை ‘வர்றோம்’ என்றே எடுத்துக்கொண்டேன். மகனும் மருமகளும் ப்ளேனில் வந்துவிட்டால், எல்லாரையும் பாயான் லெப்பாஸ் ஏர்போர்ட்டில் சேர்த்தே ஏற்றிக்கொள்ளலாம். யார் எந்த சீட்டு என்பது வரைக்கும் யோசித்து வைத்திருந்தேன். எனக்கு வேண்டியது ஒன்றே ஒன்று: ஏழு பேரும் என் காடியில், ஒரே காடியில், வீட்டுக்கு வர வேண்டும்.

மருமகன் இருக்கிறாரே, அவருக்கு எதற்கெடுத்தாலும் வாடகைக் காடி. ‘உங்களுக்கு எதுக்கு மாமா சிரமம், நாங்க ஒண்ணு எடுத்துக்கிறோம்’ என்பார். கல்யாணமான மறுவருஷம் வந்தபோது அப்படித்தான் அவர்கள் முன்னால் போக, நான் காலி சீட்டுகளோடு பின்னாலேயே போனேன். ஏர்போர்ட்டுக்குப் போன ஆளா, துணைக்குப் போன போலீஸா என்று எனக்கே தெரியவில்லை. ஸ்பேர் டயரில் நொண்டுகிற காடியைப் பார்த்தால் இந்தத் தடவையும் அதைத்தான் சொல்வார்.

அதனால்தான் டயர் கடைக்குப் போனேன். பழைய மாடல் ரிம் இப்போது கிடைக்காது, நாலையும் சேர்த்து மாற்றிவிடுங்கள் என்றான் தம்பி. சுவரில் தொங்கிய கறுப்பு ஸ்போர்ட் ரிம் ஒன்று என் கண்ணைப் பிடித்து இழுத்தது. பெரிசு, நல்ல அகலம். அறுபது தாண்டினால் ஆசை இருக்கக் கூடாது என்று சட்டமா என்ன?

“இது மாட்டலாமா தம்பி?”

“மாட்டலாம் அண்ணே. அஞ்சு நட்டும் சரியா உக்காரும். ஆனா மாட்டுறது வேற, பொருந்துறது வேற லா.”

அந்த ரிம்மைக் கீழே இறக்கி, நட்டு பூட்டுகிற தட்டு எவ்வளவு உள்ளே இருக்கிறது என்று கையை விட்டுக் காட்டினான். அது இருக்கிற இடத்தைப் பொறுத்துத்தான் சக்கரம் உள்ளே போவதும் வெளியே வருவதுமாம். இதைப் போட்டால் சக்கரம் ஒரு விரலுக்கு மேல் வெளியே தள்ளி நிற்கும். ஆள் ஏற ஏறக் காடி கீழே இறங்கும், இறங்கினால் டயர் மட்கார்டில் உரசும்.

“தனியா ஓட்டுறவங்களுக்கு ஒண்ணும் ஆகாது” என்று சொல்லிவிட்டுத்தான் அந்தக் கேள்வியைக் கேட்டான்.

“மொத்தம் ஏழு பேரு” என்றேன். கொஞ்சம் சத்தமாகவே சொல்லிவிட்டேன் போலிருக்கிறது. உள்ளே டயர் கழற்றிக்கொண்டிருந்த வேலையாள் திரும்பிப் பார்த்தான்.

கறுப்பு ரிம் திரும்பச் சுவருக்கே போனது. எனக்கென்று அவன் வரவழைத்தது பழைய அளவிலேயே வெள்ளி நிறத்தில் நாலு ரிம். பள்ளிக்கூடச் சீருடை மாதிரி, பார்க்க ஒன்றுமே இல்லை. குடும்பக் காடிக்கு இதுதான் என்றான். எனக்கும் அந்த வார்த்தை பிடித்திருந்தது. வெள்ளிக்கிழமை மாட்டிக் கொடுத்தான். நடுவில் இருக்கிற ஓட்டை கொஞ்சம் பெரிசாக இருந்ததால் ஒவ்வொன்றுக்கும் ஒரு வளையம் போட்டு இறுக்கினான். காசை வாங்கிக்கொண்டு ஒரு வேலையும் வைத்தான்.

“நாளைக்கு வீட்டு ஆளுங்களை ஏத்திட்டு வாங்கண்ணே. ஏழு பேரையும். ரோட்டுல வேகத்தடை பம்ப் மேல ஏத்தி, ஸ்டேரிங்கை முழுசா ஒடிச்சுப் பார்த்துடுவோம். இது கம்பெனி ரிம் இல்ல, துளி வித்தியாசம் இருக்கும். உரசுனா மாத்தித் தர்றேன். ரெண்டு மாசம் ஓட்டி, கீறல் விழுந்தப்புறம் வந்து என்னை ஏசக்கூடாது.”

சரி என்று தலையை ஆட்டிவிட்டு வந்துவிட்டேன். யாரை ஏற்றுவது?

சாயங்காலம் ஃபோனை எடுத்து ஒவ்வொரு பேராகத் தள்ளிக்கொண்டே போனேன். ஃபேக்டரியில் என்னோடு வேலை பார்த்தவர்களில் ஒருத்தர் மகன் வீட்டோடு சிம்பாங் அம்பாட்டுக்குப் போய்விட்டார். ஒருத்தருக்கு முட்டி ஆபரேஷன். ஒரு பேர் மேல் விரலை வைத்த பிறகுதான், அவர் போன வருஷமே காலமானது ஞாபகம் வந்தது. பக்கத்து வீட்டுச் சீனத் தம்பதியோடு கேட்டருகே ஒரு சிரிப்பு, அவ்வளவுதான் பழக்கம். எந்த வாயால் கூப்பிடுவது? ‘என் காடியில் கொஞ்ச நேரம் வந்து உட்காருங்கள்’ என்றா? முப்பது வருஷம் ஊரோடு வேலை பார்த்தவனுக்கு ஆறு பேர் சேரவில்லை. வெட்கமாக இருந்தது. அழுகையும் வந்தது, மறைக்க என்ன இருக்கிறது.

காலையில் அரிசி களைந்துகொண்டிருக்கும்போதுதான் யோசனை வந்தது. ஆள்தான் வேண்டுமா, கனம் இருந்தால் போதாதா? நேராக மளிகைக்கடை நானாவிடம் போனேன். எழுபது வயது தாண்டியவர், நாசி கண்டார் சோற்றுக் கடைகளுக்கெல்லாம் அவர்தான் அரிசி போடுகிறார். என்னை இன்னமும் தம்பி என்று கூப்பிட இந்த ஊரில் அவர் ஒருத்தர்தான் மிச்சம்.

“அரிசி மூட்டை கொஞ்சம் வேணும் நானா. காடியில ஏத்தி ஒரு சுத்து சுத்திட்டு, அப்படியே கொண்டாந்து இறக்கிடுறேன்.”

“அரிசிக்குப் பினாங்கு சுத்திக் காட்டப் போறியா?”

விஷயத்தைச் சொன்னேன். சிரித்துக்கொண்டே தள்ளுவண்டியை எடுத்து வரச் சொன்னார். மூட்டை கிழிந்தால் காசு என்பதையும் சொல்லத் தவறவில்லை.

முன்சீட்டில் மனைவிக்கு இருபத்தைந்து கிலோவில் இரண்டு பெரிய மூட்டை, மேலே ஒரு சின்னப் பை. கடைசி வரிசையில் மகனும் மருமகளும். மகன் போன தடவை வந்தபோது தொப்பை போட்டிருந்தான், அதனால் அவனுக்கு ஒரு பை கூடுதல். நடு வரிசையில் ஒரு ஓரம் மகள், மறு ஓரம் மருமகன். மருமகனுக்கு மூன்று பெரிய மூட்டை போட்டேன். அவரை நான் குறைத்து மதித்தேன் என்று யாரும் சொல்ல முடியாது.

அவர்கள் இரண்டு பேருக்கும் நடுவில் பேத்தி. அங்கே வந்ததும் எனக்குக் கை ஓடவில்லை. பிள்ளை எத்தனை கிலோ? முதல் பல் எப்போது முளைத்தது என்று தெரியும். மஞ்சள் சட்டை போட்டால் அழும் என்று தெரியும். ஃபோனுக்குள் முகத்தை வைத்துக்கொண்டு ‘தாத்தா’ என்று சொன்னது தெரியும். எடை தெரியாது. தூக்கியிருந்தால் அல்லவா தெரியும்?

கடை வாசலிலேயே நின்று மனைவியைக் கூப்பிட்டேன்.

“பாப்பா இப்ப எத்தனை கிலோ?”

“நல்லா இருக்கியான்னு ஒரு வார்த்தை கேட்டீங்களா? எதுக்கு இப்ப அது?”

“ரிம்முக்கு.”

விளக்கிச் சொல்லச் சொல்ல அவள் சிரித்தாள். தனக்கு இரண்டு மூட்டையா, அவ்வளவு கனமாகவா இருக்கிறேன் என்று சண்டைக்கு வந்தாள். “பாப்பா பன்னெண்டு கிலோங்க. இப்பல்லாம் இடுப்புல வெச்சுக்கிட்டு ரெண்டு வேலை பார்க்க முடியல என்னால” என்றாள். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

“ஏங்க, ஒண்ணு சொல்லணும். கோவிச்சுக்காதீங்க. இவளுக்கு லீவு கிடைக்கல. டிக்கெட் போடலங்க. சீனப் பெருநாளுக்குப் பார்க்கலாம்னு சொல்றாங்க.”

“நீ மட்டுமாவது வாயேன்.”

“பாப்பாவ யாருகிட்ட விடுறது?”

கோபப்படுவதற்கு என் வாய் தயாராகத்தான் இருந்தது. ஆனாலும் “சரி, பத்திரமா இருங்க” என்று வைத்துவிட்டேன். நானா தள்ளுவண்டியைப் பிடித்துக்கொண்டு என் முகத்தையே பார்த்தார்.

“இன்னும் ஏத்தணுமா தம்பி, இல்ல இறக்கிடவா?”

இறக்கியிருக்கலாம். வராதவர்களுக்கு எதற்கு இந்தக் கூத்து? ஆனால் அத்தனை சீட்டும் நிறைந்து, பின்பக்கம் தாழ்ந்து நிற்கிற காடியைப் பார்த்துவிட்டேன். எத்தனை வருஷமாகிவிட்டது அதை அப்படிப் பார்த்து. பத்து கிலோ பை ஒன்றும் ஒரு கிலோ சீனிப் பாக்கெட் இரண்டும் எடுத்துத் தரச் சொன்னேன். மகளுக்கும் மருமகனுக்கும் நடுவில் வைத்து, பெல்ட்டைச் சுற்றிப் போட்டேன்.

காடியைக் கிளப்பியதும் கீ, கீ என்று கத்த ஆரம்பித்தது. பக்கத்தில் ஆள் பெல்ட் போடவில்லையாம். இரண்டு வருஷத்தில் அந்தச் சத்தத்தை நான் கேட்டதே இல்லை. உடனே நிறுத்த மனம் வராமல் முதல் விளக்கு வரைக்கும் கத்தவிட்டுக்கொண்டே போனேன். சிவப்பு விழுந்ததும் எட்டி, அரிசி மூட்டைக்குக் குறுக்கே பெல்ட்டை இழுத்து மாட்டினேன்.

டயர் கடைத் தம்பி காடிக்குள் எட்டிப் பார்த்து, மூட்டைகளை வரிசை வரிசையாக எண்ணினான்.

“ஒரு வார்த்தை சொல்லியிருந்தா பழைய டயரை ஏத்தியிருப்பேனே அண்ணே.”

“டயரைத் தூக்கி என் சம்சாரத்துக்குப் பக்கத்துல வைக்கச் சொல்றியா?”

அவன் பக்கத்திலேயே நடந்து வர, பம்ப் மேல் ஏற்றினேன், இறக்கினேன். ஸ்டேரிங்கை இந்தப் பக்கம் முழுசாக, அந்தப் பக்கம் முழுசாக ஒடித்தேன். குனிந்து மட்கார்டுக்குள் டார்ச் அடித்துப் பார்த்தான். எங்கேயும் தொடவில்லை.

“சரியாப் பொருந்திருச்சு. இனி யாரை வேணா ஏத்துங்க. எல்லாரும் எப்ப வர்றாங்க?”

“தீபாவளிக்கு” என்றேன். வேறென்ன சொல்வது?

திரும்ப நானா கடைக்கு வந்து மூட்டைகளை இறக்கினோம். மருமகன் போனார், மகள் போனாள், கடைசி வரிசை காலியானது. மனைவியின் பெல்ட்டை நானே கழற்றினேன். ஒவ்வொரு மூட்டைக்கும் காடி கொஞ்சம் கொஞ்சமாக மேலே எழும்பியது. நடு சீட்டுப் பக்கம் கடைப்பையன் கை நீட்டியபோது வேண்டாம் என்றேன்.

“அதையும் சீனியையும் நானே எடுத்துக்கிறேன் நானா. கணக்கு போட்டுக்குங்க.”

“ஒண்டி ஆளுக்குப் பத்து கிலோ எதுக்குப்பா? வண்டு விழுந்துரும். அஞ்சு கிலோ பை தர்றேன்.”

“இல்ல, இதுதான் வேணும்.”

வீட்டு வாசலில் காடியை நிறுத்தி, பெல்ட்டைக் கழற்றி, பையைத் தூக்கித் தோளில் சாய்த்துக்கொண்டேன். சீனி இரண்டையும் அதன் மேலேயே வைத்து அணைத்துப் பிடித்தேன். கேட்டைத் திறக்க ஒரு கை வேண்டியிருந்தது. அதற்குள் நழுவப் பார்த்தது, முழங்காலால் முட்டுக்கொடுத்து மறுபடி மேலே ஏற்றிக்கொண்டேன். சாவியைத் தேடி எடுப்பதற்குள் தோள் கடுத்துப்போனது. பன்னிரண்டு கிலோ இவ்வளவு கனம் என்று எனக்குத் தெரியாது. கதவைத் திறந்து உள்ளே போன பிறகும் அதைக் கீழே வைக்க எனக்கு மனசு வரவில்லை. தோளில் போட்டபடியே ஹாலில் கொஞ்ச நேரம் நடந்துகொண்டிருந்தேன்.